சொல் விளக்கம்: குற்றவிடுதலை

மூணாறு பக்கத்து எஸ்டேட் லயத்திலிருந்து போன மாதம் ஒரு அக்கா கையில் ஒரு தாளோடு வந்தார். மகளுக்கு நேர்ந்த பாலியல் வன்கொடுமை வழக்கு. குற்றம் சாட்டப்பட்டவனை நீதிமன்றம் விட்டுவிட்டது, அதை எதிர்த்துப் போடும் மனு அது. பெயரையோ ஊரையோ வெளியில் சொல்வது சட்டப்படியே குற்றம், அதனால் அதை விடுகிறேன். மலையாளத்தில் இருந்த தாளை யாரோ தமிழாக்கி, மேலே ‘விடுதலை மேல்முறையீடு’ என்று தலைப்புப் போட்டிருந்தார்கள். அக்கா அந்த வரியில் விரலை வைத்துக் கேட்டார்: “ஏன் தம்பி, அவனை விடச் சொல்லி நாமளே மனு போடுறோமா?”

அவர் வாசித்ததில் ஒரு பிழையும் இல்லை. ஜாமீன் மனு என்றால் ஜாமீன் கேட்கும் மனு. அப்படியானால் விடுதலை மேல்முறையீடு என்பது விடுதலை கேட்கும் மேல்முறையீடுதானே? ‘எதிர்த்து’ என்ற ஒரு சொல்லை விழுங்கியதில் வழக்கே தலைகீழாகிவிட்டது.

குற்றம் மெய்ப்பிக்கப்படவில்லை என்று விடும் தீர்ப்புக்கு ஆங்கிலத்தில் அக்விட்டல் என்று பெயர், லத்தீனிலிருந்து பிரெஞ்சு வழியாக வந்த சொல். கடனைத் தீர்த்துக் கணக்கை முடிப்பதற்கும் அது வழங்கியது. நம் விடுதலை ‘விடு’ என்ற வினையில் பிறந்தது. வீடுபேற்றின் வீடும் அங்கிருந்து வந்ததுதான். முறையீட்டில் உள்ள ‘முறை’ நீதியைக் குறிக்கும், குறளின் ‘முறைசெய்து காப்பாற்றும் மன்னவன்’ போல. வேர் பற்றி இது போதும்.

எனக்குப் பொறுக்காதது ‘நிரபராதி என நிரூபிக்கப்பட்டார்’ என்ற வாசகம். ஒருவர் விடுதலையானால் போதும், செய்தியிலும் பேச்சிலும் இதுதான் வருகிறது. குற்றவியல் நீதிமன்றம் யாரையும் நிரபராதி என்று நிரூபிக்க உட்காருவதில்லை. குற்றம் சந்தேகத்துக்கு இடமின்றி மெய்ப்பிக்கப்பட்டதா என்றுதான் பார்க்கிறது. இல்லையென்றால் விடுகிறது. மெய்ப்பிக்கப்படும் வரை குற்றமற்றவர் என்று சட்டம் கருதுகிறது, உண்மை. விடுதலைத் தீர்ப்பு வந்தபின் அந்தக் கருத்து இன்னும் வலுப்படுகிறது என்று 2007-இல் சந்திரப்பா வழக்கில் உச்ச நீதிமன்றமும் சொல்லியிருக்கிறது. ஆனால் கருதுவது வேறு, நிரூபிப்பது வேறு. நிரூபணமே ஆகிவிட்டது என்று எழுதினால், மேல்முறையீட்டுக்குப் போகும் பெண் ஒரு நிரபராதியைத் துரத்துகிறாள் என்று ஊர் பேசும், பேசுகிறது. போதாததற்கு, தமிழில் அபராதம் என்றால் தண்டம் கட்டுவது. குற்றம் என்ற வடமொழிப் பொருள் நம் பேச்சில் இல்லை. அப்புறம் எதற்கு அந்த ‘நிர்’?

எங்கள் எல்லையில் இன்னொரு தொல்லை உண்டு. மலையாளச் செய்தியில் ‘வெறுதே விட்டு’ என்பார்கள். அங்கே அது பழகிப்போன நீதிமன்றச் சொல், குறை சொல்ல முடியாது. அதை நம் ஆட்கள் அப்படியே ‘கோர்ட்டு சும்மா விட்டுருச்சு’ என்று கொண்டுவருகிறார்கள். தமிழில் ‘சும்மா விட்டுருச்சு’ என்றால் கேள்விமுறை இல்லாமல் போய்விட்டது, இனி ஒன்றும் செய்ய முடியாது என்று அர்த்தம். அதைக் கேட்ட தாய் வீட்டுக்குப் போய் அழுதுகொண்டு உட்காருவாள். மேல்முறையீட்டுக்கான கெடுவோ ஓடிக்கொண்டிருக்கும். கொஞ்சம் படித்தவர்கள் ‘குற்றவிமுக்தி’ என்று எழுதுகிறார்கள். குற்றவிமுக்தன் என்ற மலையாளச் சொல்லுக்கு வாலை மட்டும் மாற்றியது அது. விடு என்ற பச்சைத் தமிழ் வினை கையில் இருக்கும்போது விமுக்தியைக் கடன் வாங்க வேண்டியதில்லை.

ஒன்றும் செய்ய முடியாது என்பது பொய் என்பதற்கு இந்த மலையே சாட்சி. பள்ளி மாணவி ஒருத்தியைக் கடத்திப் பலர் வன்புணர்ந்த சூரியநெல்லி வழக்கில் தனி நீதிமன்றம் தண்டித்தவர்களில் ஒருவரைத் தவிர மற்றவர்களைக் கேரள உயர் நீதிமன்றம் 2005-இல் விடுவித்தது. அதை 2013-இல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்து மறுபடி விசாரிக்கச் சொன்னது. 2014-இல் பெரும்பாலோரின் தண்டனையை உயர் நீதிமன்றம் உறுதி செய்தது. பாலியல் வன்கொடுமைக்கு ஆளான இரண்டு சிறுமிகள் இறந்துபோன வாளையாறு வழக்கில் 2019-இல் வந்த விடுதலையை 2021 ஜனவரியில் அதே உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. அங்கே அரசோடு தாயும் மேல்முறையீடு செய்திருந்தார். 2009 டிசம்பர் 31 முதல் பாதிக்கப்பட்டவருக்கே அந்த உரிமை இருக்கிறது. அதற்கு உயர் நீதிமன்றத்தின் முன் அனுமதி தேவையில்லை என்று 2018-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. 2024 ஜூலையில் வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 413-ஆம் பிரிவு பாதிக்கப்பட்டவருக்கு, 419 அரசுத் தரப்புக்கு.

சரி, எந்தச் சொல்லை வைப்பது? வெறும் ‘விடுதலை’ போதாது. தண்டனை முடித்து வருபவரும் விடுதலை, ஜாமீனில் வருபவரும் விடுதலை, நாடு பெற்றதும் விடுதலை. குற்றவிடுதலை என்றால் குற்றச்சாட்டிலிருந்து விடுதலை என்பது கேட்டவுடன் புரிகிறது. விசாரணைக்கு முன்பே வழக்கிலிருந்து நீக்குவதற்கு ‘விடுவிப்பு’ தனியாக இருக்கட்டும். மனுவின் தலைப்பு ‘குற்றவிடுதலையை எதிர்த்து மேல்முறையீடு’. நீளம்தான், ஆனால் அந்த ‘எதிர்த்து’ இல்லாமல் சுருக்க வேண்டாம்.

அக்காவின் தாளில் அப்படித் திருத்தினேன். கீழே ‘கற்பழிப்பு’ என்று மூன்று இடத்தில் இருந்தது. அழிந்தது அந்தப் பிள்ளையின் கற்பாம்! அதையும் அடித்துவிட்டு வன்புணர்வு என்று எழுதிக் கொடுத்தேன்.