குதிரையைத் தடுமாற வைக்கும் செடியும் அதற்குள் குடியிருக்கும் பூஞ்சையும்

கௌபாய் படங்களில் வரும், குதிரைக்குப் பித்துப் பிடிக்க வைக்கும் செடி உண்மையிலேயே இருக்கிறதா என்று வாசகர் ஒருவர் கேட்டிருந்தார். இருக்கிறது. கொலராடோ, நியூ மெக்சிகோ, யூட்டா போன்ற அமெரிக்க மாநிலங்களின் வறண்ட மேய்ச்சல் நிலங்களில் தானாக முளைக்கும் லோக்கோ செடிகள்தாம் அவை. நம் கொழுஞ்சியும் அவுரியும் சேர்ந்த அதே அவரைக் குடும்பத்தில், ஆஸ்ட்ராகலஸ், ஆக்ஸிட்ரோபிஸ் என்னும் இரு பேரினங்களைச் சேர்ந்தவை. பூவின் அடியில் படகு வடிவில் இணைந்திருக்கும் இதழ்களின் (படகல்லி) நுனியில் சிறு முள் போன்ற அலகு நீட்டிக்கொண்டிருந்தால் அது ஆக்ஸிட்ரோபிஸ், மழுங்கியிருந்தால் ஆஸ்ட்ராகலஸ்.

சில வாரங்கள் இதைத் தொடர்ந்து மேய்ந்த குதிரை, தரையில் இல்லாத தடையைத் தாண்டுவதுபோல் காலை உயர்த்தி வைக்கும், சிறு ஓசைக்கும் மிரளும், இளைக்கும். 1880களில் கொலராடோ அரசு செடியைப் பிடுங்கி வருவோருக்குப் பணம் கொடுத்துப் பார்த்தது, செடி ஒழியவில்லை. 1908இல் பேரியம்தான் நஞ்சு என்று ஓர் ஆய்வு சொன்னது, அதுவும் நிலைக்கவில்லை.

விடை ஆஸ்திரேலியாவிலிருந்து வந்தது. அங்குள்ள ஸ்வைன்சோனா என்னும் உறவுச் செடியைத் தின்ற கால்நடைகளின் செல்களை ஆராய்ந்த கால்நடை நோயியலாளர்கள், ஆங்கஸ் இன மாடுகளுக்குப் பரம்பரையாக வரும் ஒரு நோயின் அடையாளங்களே அவற்றிலும் இருப்பதைக் கண்டனர். அந்த மாடுகளில் பிறவியிலேயே குறைபட்டிருந்த நொதியை, இங்கே செடி முடக்கியிருக்க வேண்டும் என்று ஊகித்துத் தேடி, 1979இல் ஸ்வைன்சோனின் என்னும் வேதிப்பொருளைப் பிரித்தெடுத்தனர். 1982இல் அதே பொருள் லோக்கோ செடியிலும் கிடைத்தது.

அது வேலை செய்யும் விதம்தான் எனக்கு மிகவும் பிடித்த பகுதி. நம் புரதங்கள் பலவற்றில் சர்க்கரைச் சங்கிலிகள் ஒட்டியிருக்கின்றன. செல்லின் கழிவைச் சிதைக்கும் சிறு பையான லைசோசோமுக்குள் பழைய புரதங்கள் சிதைக்கப்படும்போது, அச்சங்கிலியிலுள்ள மேனோஸ் என்னும் சர்க்கரையை ஆல்ஃபா மேனோசிடேஸ் என்ற நொதி ஒவ்வொன்றாக வெட்டி எடுக்கிறது. வெட்டு விழும் அந்தக் கணத்தில் மட்டும் மேனோஸ் சற்றுத் தட்டையாகி நேர்மின்னூட்டம் பெறுகிறது. நொதியின் பிடி மிக இறுக்கமாக இருப்பதும் அந்தக் கண நேர வடிவத்தின்மீதுதான். ஸ்வைன்சோனினோ, தன் நைட்ரஜன் அணுவில் நேர்மின்னூட்டத்தைத் தாங்கி, ஏறத்தாழ அந்த வடிவத்திலேயே எப்போதும் இருக்கிறது. எனவே உண்மையான மேனோஸைவிட அதைத்தான் நொதி உறுதியாகப் பற்றிக்கொள்கிறது. பற்றியபின் வெட்டுவதற்கு எதுவும் இல்லை. வெட்டப்படாத சங்கிலிகள் குப்பை வண்டி வராத தெருவில் சேரும் குப்பைபோல லைசோசோமில் குவிய, செல் குமிழி குமிழியாக வீங்குகிறது. மேய்ச்சலை நிறுத்தினால் நஞ்சு சில நாட்களில் வெளியேறிப் பெரும்பாலான செல்கள் தேறிவிடும். ஆனால் இறந்துபோன நரம்பு செல்கள் திரும்புவதில்லை.

இத்தனைக்கும் நஞ்சைத் தயாரிப்பது செடியே அல்ல. 2003இல் வெளியான ஆய்வு, லோக்கோ செடிக்குள் வாழும் ஒரு பூஞ்சையே அதைத் தயாரிக்கிறது என்று காட்டியது. அப்பூஞ்சை இலையில் ஒரு புள்ளிகூட விழாமல் உள்ளே வளர்ந்து, விதையுறையில் ஒட்டிக்கொண்டு அடுத்த தலைமுறைக்குப் போகிறது. விதையுறையைக் கவனமாக நீக்கிவிட்டு வளர்த்தால், அதே செடி ஸ்வைன்சோனின் இல்லாமல் நன்றாகவே வளர்கிறது. பூஞ்சையை மட்டும் எலிகளுக்குக் கொடுத்தபோது, செடியைத் தின்ற எலிகளுக்கு வந்த அதே செல் பாதிப்புகள் வந்தன.

ஒருமுறை தின்ற மாடு இச்செடிக்கு அடிமையாகிவிடும் என்ற நம்பிக்கை பண்ணைக்காரர்களிடம் நெடுநாள் இருந்தது. சோதனைகள் அதை ஆதரிக்கவில்லை. புல் காய்ந்து கிடக்கும் பருவத்தில் இது பச்சையாக இருக்கிறது, அதனால் தின்கிறது, காரணம் அவ்வளவுதான். கால்நடை நோய் ஆய்வுக்கு எதற்கு இவ்வளவு செலவு என்று கேட்பவர்களுக்கு ஒன்று சொல்ல விரும்புகிறேன்: ஸ்வைன்சோனினைப் பின்னர் புற்றுநோய் மருந்தாக மனிதர்களிடம் சோதித்தார்கள். அது மருந்தாகவில்லை என்றாலும், புரதங்களின் சர்க்கரைச் சங்கிலிகள் உருவாகும் விதத்தை ஆராய இன்றும் ஆய்வகங்களில் பயன்படுகிறது.

நம் குளக்கரைகளில் புதராக மண்டும் நெய்வேலிக் காட்டாமணக்கிலும் இதே ஸ்வைன்சோனின் இருக்கிறது. பிரேசிலில் அதைத் தின்ற ஆடுகள் இதே போலத் தள்ளாடியிருக்கின்றன. அச்செடியோ அவரைக் குடும்பமே அல்ல, அதற்குள் நஞ்சைத் தயாரிப்பதும் முற்றிலும் வேறொரு பூஞ்சை.