டெலிட்டட் சீன்: அழித்ததா, நீக்கியதா, வெட்டியதா?

படப்பிடிப்பில் முழுமையாக எடுத்து, திரைக்கு வந்த பிரதியில் இல்லாமல் போன காட்சியைத்தான் டெலிட்டட் சீன் என்கிறோம். நடிகர் வசனத்தை மறந்து சிரித்துவிடும் துண்டுகள் இதில் சேராது. அவை எடுத்தபோதே வீண் என்று தெரிந்தவை.

டெலிட் என்பதன் வேர், துடைத்தழித்தல் என்ற பொருளுள்ள ஒரு லத்தீன் வினை. சீன் என்பதன் வேர் கிரேக்கத்தில் கூடாரம். நாடக மேடைக்குப் பின்னால் நடிகர்கள் உடை மாற்றிய கூடாரம், காலப்போக்கில் மேடைக்கும் அதில் நடப்பதற்கும் பெயராகிவிட்டது. டிவிடி வந்த பிறகு இந்த இரண்டு சொல்லும் சேர்ந்து ஊரறிந்த தொடராயிற்று. துடைத்தழித்தது என்று அட்டையில் அச்சிட்டு, அதே வட்டில் போட்டுக் காட்டவும் செய்தார்கள்.

தமிழில் இதற்கு 'நீக்கப்பட்ட காட்சி' என்று எழுதுகிறோம். தப்பில்லை. ஆனால் யார் நீக்கியது என்பதை அந்தப் 'பட்ட' மறைத்துவிடுகிறது. பழைய பேய்ப்படங்களைப் பற்றி எழுதும்போது அதுதானே முக்கியமான கேள்வி?

குன்னூரில் பிலிம் காலத்தில் தியேட்டரில் படம் ஓட்டும் ஆப்பரேட்டராக இருந்த ஓர் அண்ணனிடம் கேட்டேன். "அழிக்கறதெல்லாம் கேசட்டுலதாங்க. பிலிம்ல வெட்டு, ஒட்டு, அவ்வளவுதான்" என்றார். இதைவிடச் சுருக்கமாக எந்த அகராதியும் சொல்லாது. செல்போனில் 'அழி' என்று வருவது சரி. பிலிமில் எடுத்த காட்சிக்கு அந்தச் சொல்லைப் போட்டால், அது உண்மையிலேயே இல்லாமல் போயிருக்க வேண்டும். 1933-இல் வந்த கிங் காங் படத்தில் அப்படி ஒன்று உண்டு. பள்ளத்தில் விழும் மாலுமிகளை ராட்சதச் சிலந்திகள் தின்னும் காட்சி அது. கதையின் ஓட்டம் அங்கே நின்றுபோகிறது என்று இயக்குநர் கூப்பரே படத்திலிருந்து எடுத்துவிட்டார். அந்தச் சுருள் இன்றுவரை கிடைக்கவில்லை. இயக்குநர் பீட்டர் ஜாக்சன் 2005-இல் அதைப் புதிதாக எடுத்துப் பார்த்துக்கொள்ள வேண்டியிருந்தது. இதை அழிந்த காட்சி எனலாம்.

இயக்குநரோ எடிட்டரோ படத்தின் நன்மைக்காக வெளியே எடுத்து, சுருள் எங்கோ பத்திரமாக இருந்தால் 'நீக்கிய காட்சி' போதும். நீங்கு என்றால் தானாக விலகுவது, நீக்கு என்றால் ஒருவர் விலக்குவது. செய்தவர் ஒருவர் இருக்கிறார் என்பது வினையிலேயே வந்துவிடுகிறது. தி எக்ஸார்சிஸ்ட் (1973) படத்தில் அந்தச் சிறுமி முதுகை வளைத்து, மல்லாந்தபடி கைகால்களால் படிக்கட்டில் இறங்கி வருவாள். இயக்குநர் ஃபிரீட்கின் அதை நீக்கியதற்கு இரண்டு காரணம். தாங்கிப் பிடித்த கம்பிகள் திரையில் தெரிந்தன. அதோடு, அவ்வளவு பெரிய அதிர்ச்சி கதையில் அத்தனை சீக்கிரம் வரக்கூடாது என்று நினைத்தார். 2000-இல் கம்பிகளைக் கணினியில் மறைத்துக் காட்சியைத் திரும்பச் சேர்த்தார்கள். என்னைக் கேட்டால் ஃபிரீட்கின் முதலில் செய்ததே சரி. தனியாகப் பார்த்தால் மிரட்டுகிறது, படத்துக்குள் வைத்துப் பார்த்தால் அவசரப்படுகிறது. ஏலியன் (1979) படத்திலும் கூட்டுக்குள் சிக்கிய கேப்டனை நாயகி காணும் காட்சி, கடைசி ஓட்டத்தின் வேகத்தைக் குறைப்பதால் போய், 2003-இல் திரும்பி வந்தது.

எங்கள் தேயிலைத் தோட்டத்துக்காரர்கள் இதைக் கவாத்து என்பார்கள். நாலைந்து வருடத்துக்கு ஒருமுறை செடியை மொட்டையாக வெட்டிவிட்டால்தான் புதுக் கொழுந்து வரும். ஆனால் 'கவாத்துக் காட்சி' என்று எழுதினால் தோட்டக்கலைத் துறை செய்தி என்று புரட்டிவிடுவார்கள், வேண்டாம்.

தணிக்கைக்காரர்கள் கை வைத்தால் அது 'வெட்டு'. சினிமாக்காரர்கள் வாயில் இருப்பதும் அதுதான்: "சென்சார்ல எத்தனை வெட்டு?" இதற்கு உதாரணம் ஃபிராங்கன்ஸ்டைன் (1931). ஏரிக்கரையில் ஒரு சிறுமியும் அந்தப் பூதமும் பூக்களைத் தண்ணீரில் மிதக்கவிட்டு விளையாடுகிறார்கள். பூ தீர்ந்துவிடுகிறது. இவளும் பூ மாதிரி மிதப்பாள் என்று நினைத்து அது அவளைத் தூக்கி ஏரியில் போட்டுவிடுகிறது. மூழ்கியதும் பதறுகிறது. அமெரிக்க மாநிலத் தணிக்கைக் குழுக்கள் இதை எதிர்த்தன. பல ஆண்டுகள் ஓடிய பிரதிகளில், பூதம் அவளை நோக்கிக் கை நீட்டுவதோடு காட்சி நின்றது. அப்புறம் தகப்பன் பிணத்தைத் தூக்கிக்கொண்டு ஊருக்குள் வருகிறான். நடுவில் என்ன நடந்திருக்கும் என்று பார்த்தவர்கள் யோசித்தது, எடுத்திருந்ததைவிடக் கொடூரமானது. அறியாமையால் நடந்த விபத்தைக் கத்தரிக்கோல் வன்கொடுமையாக்கிவிட்டது. 1980-களில்தான் அந்தத் துண்டு மீண்டும் சேர்ந்தது.

இந்த இடத்தில் ஒரு வேடிக்கை. தணிக்கை என்ற சொல் 'தணி'யிலிருந்து வந்தது போலத் தெரியும். ஆனால் அது உருது வழியாக வந்த அரபுச் சொல். அரபியில் தன்கீஹ் என்றால் திருத்துவது, செப்பனிடுவது, மரத்தைக் கழிப்பது. அதாவது கவாத்து! கன்னடத்தில் இதே சொல் தனிகெ ஆகி, விசாரணை என்ற பொருளில் வழங்குகிறது. நம்மூர் திரைப்படத் தணிக்கை வாரியமோ 1983-லேயே தன் பெயரைச் சான்றிதழ் வாரியம் என்று மாற்றிக்கொண்டது. நாம்தான் இன்னும் சென்சார் என்கிறோம்.

'காட்சி'யிலும் ஒரு சிக்கல் உண்டு. ஷோவுக்கும் அதுதான் சொல், சீனுக்கும் அதுதான். ஆனால் பிலிம் காலத்தில், குன்னூருக்கு மலையேறும் கல்லாறு பாதையில் மண் சரிந்து படப்பெட்டி மேலே வராவிட்டால் 'காட்சி ரத்து' என்றுதான் பலகை வைப்பார்கள், நீக்கம் என்று யாரும் எழுதுவதில்லை. ஆகவே குழப்பம் வராது.

அழிந்த, நீக்கிய, வெட்டிய என்ற இந்த மூன்று சொல்லுக்கும் எளிதில் அடங்காதது தி ஷைனிங் (1980). கணவன் பனியில் உறைந்து சாவதற்கும் கடைசியில் வரும் அந்தப் பழைய புகைப்படத்துக்கும் நடுவே, ஹோட்டல் மேலாளர் மருத்துவமனைக்கு வந்து தாயையும் மகனையும் பார்ப்பதாக ஒரு காட்சி இருந்தது. படம் வெளியாகி ஓடத் தொடங்கிய பிறகு இயக்குநர் குப்ரிக் அதை நீக்கச் சொன்னார். தியேட்டர் ஆப்பரேட்டர்களே வெட்டி, துண்டை ஸ்டூடியோவுக்கு அனுப்ப வேண்டும். ஏறக்குறைய 2 நிமிடம். 35 மில்லிமீட்டர் பிலிமில் நிமிடத்துக்கு 90 அடி, ஆக 180 அடி. குன்னூர் அண்ணன் செய்துகாட்டினார்: ஒரு ஃபிரேமுக்கும் (பிலிமில் உள்ள ஒரு தனிப் படம்) அடுத்ததற்கும் நடுவிலுள்ள கோட்டில் வெட்டு, ஒரு முனையின் பூச்சைப் பிளேடால் சுரண்டு, பிலிம் சிமெண்ட் தடவு, அழுத்திப் பிடி. ஒலி, படத்துக்கு 20 ஃபிரேம் அளவு முன்னால் பதிவாகியிருப்பதால், ஒட்டிய இடத்தில் சத்தம் ஒரு குதி குதிக்கும். கூட்டம் உடனே கண்டுபிடித்து விசிலடிக்கும்.

கத்தரி பிடித்தது ஆப்பரேட்டர், முடிவு குப்ரிக்குடையது. ஆகவே நீக்கிய காட்சி என்றே எழுதலாம். ஆனால் அந்த 180 அடி அதன்பின் எந்தப் பொதுத் திரையிலும் வரவில்லை. சுருள் எங்காவது கிடைக்கும்வரை 'காணாமல் போன' என்றும் சேர்த்துக்கொள்ளலாம்.