அடியை வெட்டாதீர்கள், பிள்ளைகளே

ஹட்டன் பக்கம் பத்தாம், பதினோராம் தரப் பிள்ளைகளுக்குக் கணிதம் சொல்லிக்கொடுக்கிறேன். சுட்டிச் சமன்பாடு வந்தால் போதும், பல கொப்பிகளில் இரண்டு பக்கத்து அடிகளின் மேலும் சாய்வாக ஒரு கோடு விழுந்திருக்கும். கேட்டால், "வெட்டிட்டேன் சேர்" என்பார்கள்.

தெரியாத எண்ணை ‘அ’ என்றும், ^ குறிக்கு முன் வருவதை அடி என்றும், பின் வருவதைச் சுட்டி என்றும் வைத்துக்கொள்வோம். 2^அ = 2^5 என்றால் அ = 5. விடை சரிதான். ஆனால் இங்கே எதையும் வெட்டவில்லை. சுட்டி கூடக்கூட 2இன் வலு 2, 4, 8, 16, 32 என்று ஏறிக்கொண்டே போகும். கடந்த எண்ணுக்குத் திரும்பி வராது. அதனால் 32ஐத் தரும் சுட்டி ஒன்றே ஒன்றுதான். அடி 1 என்றால் இந்தக் காரணம் நிற்காது. 1^அ = 1^5 என்பதில் அ எதுவாகவும் இருக்கலாம்.

வெட்டுகிற பழக்கம் காலை வாருவது 2^அ + 2^2 = 2^5 போன்ற கணக்கில். அ + 2 = 5, ஆகவே அ = 3 என்று எழுதிவிடுகிறார்கள். போட்டுப் பாருங்கள்: 8 + 4 = 12. 32 எங்கே, 12 எங்கே!

அடிகள் வேறாக இருந்தால் முதலில் ஒன்றாக்க வேண்டும். ஒருவர் கொழுந்தை இறாத்தலிலும் இன்னொருவர் கிலோவிலும் சொன்னால், எண்ணை மட்டும் பார்த்து யார் கூட எடுத்தார் என்று சொல்ல முடியுமா? அதே கதைதான். 9^அ = 27 என்பதை 3^(2அ) = 3^3 என்று மாற்றினால், அ = 3/2.

வீட்டில் சொல்லிக்கொடுக்கும் அண்ணன், அக்காமாரிடம் ஒரு வேண்டுகோள். "வெட்டு" என்று சொல்லாதீர்கள். "அடிகள் சமன், ஆகவே சுட்டிகள் சமன்" என்று ஒரு வரி எழுதச் சொல்லுங்கள்.

அண்மையில் ஒரு மகள், மழையில் நனைந்து ஓரம் சுருண்ட கொப்பியில் 4^(அ+1) = 8^(அ−1) செய்திருந்தாள். அடியை 2 ஆக்கியது அழகு. ஆனால் அடைப்புக்குறியை மறந்து 2அ + 1 = 3அ − 1, அ = 2 என்று முடித்துவிட்டாள். நான் பிழை போடவில்லை; விடையைப் பிரதியிடச் சொன்னேன். ஒரு பக்கம் 64, மறுபக்கம் 8. கொஞ்ச நேரம் பார்த்தாள். அப்புறம் 2(அ+1) = 3(அ−1) என்று எழுதி, அ = 5 எடுத்தாள். நான் கேட்காமலே ஓரத்தில் 8ஐ நான்கு முறை பெருக்கினாள்: 4096. பிறகு 4ஐ ஆறு முறை. அதுவும் 4096.