லீக்ஸ்: தாளா, மடலா?

லீக்ஸ் வெங்காயக் குடும்பத்துக் காய்கறி. அடியில் குமிழ் திரளாது. வெள்ளைத் தண்டும் அகன்ற பச்சை இலையுமாக நீண்டு நிற்கும். செட்டிநாட்டில் நித்தம் புழங்கும் சரக்கு இல்லை; வெளிநாட்டுப் பயணிகளுக்குச் சமைக்கும் விடுதிக்காரர்கள் சொல்லிவைத்தால் நீலகிரியிலிருந்தோ கொடைக்கானலிலிருந்தோ காரைக்குடிக்கு வரும். கட்டைப் பார்க்கிற ஆச்சி, "வெங்காயத்தாளா இது? இத்தனை தடியாக இருக்கிறதே!" என்றுதான் கேட்பார்.

தாள் இல்லை; ஆனால் தண்டும் இல்லை. வெள்ளைப் பகுதியைக் குறுக்கே நறுக்கினால் வளையத்துக்குள் வளையமாகக் கழன்றுவிடும். வாழை மரத்தைப் போல, இலைகளின் அடிமடல்கள் ஒன்றையொன்று இறுகச் சுற்றித் தண்டு போல நிற்கின்றன. வெயில் படாமல் வெளுக்க வேண்டும் என்று செடி வளர வளர மண் அணைப்பார்கள். அந்த மண் மடல்களுக்கு இடையே புகுந்துகொள்ளும். நெடுக்காகப் பிளந்து, மடல் மடலாக விரித்து அலசாவிட்டால் கூட்டில் பல்லுக்குக் கீழே நறநறக்கும்.

ஆங்கிலத்தில் இதன் பெயர் லீக். பழைய ஜெர்மானிய வேரிலிருந்து வந்தது. பூண்டைக் குறிக்கும் கார்லிக் என்ற சொல்லின் வாலில் இருப்பதும் இதுவே: ஈட்டி வடிவ லீக் என்று பொருள். சுவீடன்காரரின் லோக், ரஷ்யரின் லூக் எல்லாம் அதே குடும்பம். அங்கே பொருள் வெங்காயம். நம் உள்ளிக்கும் இதே கதிதான். ஈழத்தில் உள்ளி என்றால் பூண்டு, மலையாளத்தில் வெங்காயம்.

தமிழுக்கு லீக்ஸ் என்று வாலோடு வந்ததில் வியப்பில்லை. பீன்ஸும் அப்படித்தான் வந்தது. ஒற்றைக் காயையும் பீன்ஸ் என்றே சொல்கிறோம். இலங்கைத் தமிழில் லீக்ஸ் அன்றாடச் சொல். நுவரெலியா, வெலிமடைப் பக்கத்துத் தோட்டங்களில் கேரட், உருளைக்கிழங்கோடு இதுவும் முக்கியப் பயிர். அங்கே பச்சை இலையையும் வீணாக்காமல் நறுக்கித் தாளிப்பார்கள். கொழும்புச் செட்டியார் தெருவுக்குக் கொண்டுவிற்கப் போன குடும்பங்களுக்கு இது புதுச் சொல்லாக இராது. 2021 ஏப்ரலில் இலங்கை அரசு ரசாயன உரத்துக்குத் தடை அறிவித்து, எதிர்ப்புக்குப் பின் நவம்பரில் விலக்கிக்கொண்டது. இடைப்பட்ட மாதங்களில் மலையகக் காய்கறித் தோட்டங்கள் பட்ட அடி பெரிது. தழைச்சத்தை அதிகம் கேட்கும் லீக்ஸ் போன்ற பயிருக்குக் கேட்கவே வேண்டாம்.

தமிழில் என்ன சொல்வது? எகிப்தில் உண்டதை இஸ்ரவேலர் நினைத்து ஏங்கும் இடத்தில் (எண்ணாகமம் 11:5) ஆங்கில விவிலியம் லீக் என்கிறது. தமிழ் விவிலியம் பொதுவாகக் 'கீரைகள்' என்று முடித்துக்கொண்டது. மூல எபிரேயச் சொல்லுக்கும் புல் என்ற பொருள் உண்டு என்பதால் பிழை என்று சொல்ல மாட்டேன். இராகூச்சிட்டம் என்று சிலர் எழுதுகிறார்கள். ராகுவின் எச்சில் என்று பொருள்படும் இந்த வடசொல் பூண்டைக் குறித்தது. லீக்ஸ் மேல் ஏற்றுவது வீண் பாரம். தாளுள்ளி என்றால் வெங்காயத்தாளோடு குழம்பும். உண்ணும் பகுதியைச் சரியாகச் சுட்டுவதால் மடலுள்ளி என் தேர்வு. கடையில் மட்டும் லீக்ஸ் என்றே கேளுங்கள். இல்லாவிட்டால் வெறுங்கையோடு திரும்புவீர்கள்.

இந்தப் பெயர்க் குழப்பம் உலக விளைச்சல் கணக்கிலும் உண்டு. ஐ.நா. உணவு வேளாண்மை அமைப்பு லீக்ஸையும் அதன் உறவுப் பயிர்களையும் ஒரே தலைப்பில் சேர்த்துவிடுகிறது. அதில் முதலிடம் இந்தோனேசியாவுக்கு. அண்மை ஆண்டுகளில் 6 லட்சம் டன்னை ஒட்டிய விளைச்சல். ஆனால் அந்நாட்டார் அதை அழைப்பது பாவாங் டாவுன் என்று, நேர்ப்பொருள் இலைவெங்காயம். நம் ஆச்சி சொன்ன வெங்காயத்தாளும் அந்தக் கணக்கில் கலந்திருக்கிறது. அடுத்து நிற்கும் துருக்கியின் சுமார் 2 லட்சம் டன் பிராசா எனப்படும் அசல் மடலுள்ளி. கேரட்டும் கொஞ்சம் அரிசியும் சேர்த்து ஆலிவ் எண்ணெயில் வேகவைத்து, ஆறவிட்டு உண்கிறார்கள்.