பந்தோபஸ்து: சொல் விளக்கம்

பங்காளித் தகராறு கோர்ட்டுக்குப் போனால், வக்கீல் குமாஸ்தா முதல் ஸ்டேஷன் ஏட்டு வரை எல்லார் வாயிலும் வருவது இந்தச் சொல்தான். “ஆர்டர் வாங்கியாச்சு, பந்தோபஸ்து கேட்டு மனுப் போடணும்” என்பார்கள்.

சொல் பாரசீகம். ‘பந்த்’ கட்டு, ‘பஸ்த்’ கட்டப்பட்டது, இடையில் நிற்கும் ‘ஓ’ நம்முடைய ‘உம்’. அவிழாதபடி முடிச்சுப் போட்ட ஏற்பாடு என்று கொள்ளலாம். அதன் உறவுக்காரர்கள் இன்றும் புழங்குகிறார்கள்: பத்திரத்தில் நான்கு எல்லை சொல்லும் செக்குபந்தி, தாலுகா ஆபீசில் ஆண்டுதோறும் நடக்கும் வருவாய்க் கணக்குத் தணிக்கையான ஜமாபந்தி. வங்காளத்தில் 1793-இன் நிலையான நிலவரித் திட்டத்துக்கே ‘சிரஸ்தாயி பந்தோபஸ்த’ என்றுதான் பெயர். அங்கே வரி ஏற்பாடு, இங்கே காவல் ஏற்பாடு. “நகையைப் பந்தோபஸ்தா வை” என்னும் வீட்டுப் பேச்சில் பத்திரம் என்ற பொருள் மட்டும் தங்கிவிட்டது.

தமிழில் ‘காவல்துறைப் பாதுகாப்பு’ என்று எழுதுகிறோம். பிழையில்லை, ஆனால் இரண்டு வேறு வேலைகளை அது ஒன்றாக்கிவிடுகிறது. ஆளுக்கு ஆபத்து என்றால் கேட்பது பாதுகாப்பு. நீதிமன்ற ஆணையை மண்ணில் நடத்திவைக்கக் கேட்பதற்குக் ‘காவல் துணை’ என்பதே பொருந்தும். காவலர் அங்கே ஆணைக்குத் துணையாகத்தான் போகிறார். யாருக்கு உரிமை என்று அவர் முடிவு செய்வதில்லை. 2006-இல் கேரளத்து வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் சொன்னதும் ஏறக்குறைய இதுதான்: பாதுகாப்புக் கேட்கும் ரிட் மனுவைக் கொண்டு சிவில் உரிமையைத் தீர்த்துக்கொள்ள முடியாது.

ஆகவே வரிசை முக்கியம். முதலில் உரிமையியல் விசாரணை முறைச் சட்டம் கட்டளை 39, விதி 1, 2-இன் கீழ் உறுத்துக் கட்டளை (இன்ஜங்ஷன்). எதிராளி அதை மீறினால்தான் அதே சட்டத்தின் பிரிவு 151-இன் கீழ் காவல் துணை கோரும் மனு. மீறியவரைத் தண்டிக்க கட்டளை 39-இலேயே விதி 2-அ தனியாக இருக்கிறது: சொத்து ஜப்தி, 3 மாதம் வரை சிவில் சிறை. எதிராளியைக் கேட்காமல் வாங்கிய ஆணை என்றால், மனு, பிரமாண வாக்குமூலம், ஆவண நகல்களை அன்றோ மறுநாளோ அவருக்கு அனுப்பி, அனுப்பியதற்கும் பிரமாண வாக்குமூலம் போட வேண்டும். இதில் கோட்டை விட்டவர்கள் காவல் துணை மனுவில் ‘நகல் அனுப்பினீர்களா’ என்ற கேள்விக்குப் பதில் சொல்லத் திணறுவார்கள்.

பாகவழக்கில், அதாவது பாகப்பிரிவினை வழக்கில், அதிகம் தோற்கும் மனு, “எனக்கு மூன்றில் ஒரு பங்கு, உள்ளே போக பந்தோபஸ்து கொடுங்கள்” என்பது. பிரியாத சொத்தில் ஒரு பங்குதாரரின் அனுபவம் (சுவாதீனம், கைவசம்) எல்லாருக்குமான அனுபவமாகவே கருதப்படும். எந்த மூலை யாருடையது என்று இன்னும் யாருக்கும் தெரியாது. முதல்நிலைத் தீர்ப்பாணை பங்கின் அளவை மட்டும் சொல்லும். நீதிமன்றம் நியமிக்கும் ஆணையர் அளந்து, இறுதித் தீர்ப்பாணை வந்து, அது முத்திரைத் தாளில் எழுதப்பட்ட பிறகுதான் நிறைவேற்று மனு. அப்போது கட்டளை 21, விதி 35-இன்படி நீதிமன்ற ஊழியரான அமீனா சுவாதீனம் எடுத்துக் கொடுப்பார். பூட்டை உடைக்கவும் வழியுண்டு. எதிர்ப்பு இருக்கும் என்று அமீனா அறிக்கை கொடுத்தால் காவல் துணைக்கு அதுவே வலுவான ஆதாரம். (அமீனாவும் இரவல் சொல்தான், அரபியில் நம்பிக்கைக்குரியவர். எதிர்த்தரப்பு அப்படி நினைப்பதில்லை.)

கையில் ஆணை இருந்தும் ஸ்டேஷனில் வேலை நடக்காததற்குப் பெரும்பாலும் சொத்து விவரமே காரணம். பிராதில் (வழக்குரையில்) சர்வே எண் 112/3 என்றிருக்கும். உட்பிரிவுக்குப் பின் பட்டாவில் 112/3ஆ2 ஆகியிருக்கும். எதிராளி பட்டாவை நீட்டினால் ஆய்வாளர் திரும்பிப் போய்விடுவார். மனுவில் இன்றைய உட்பிரிவு எண், செக்குபந்தி, புலப்படம் (நில அளவைப் படம்), எல்லைக்குட்பட்ட காவல் நிலையத்தின் பெயர், நடக்கவேண்டிய வேலை (வேலி போடுவதா, அறுவடையா), அதற்கான தேதி எல்லாம் இருக்க வேண்டும். ‘தக்க பாதுகாப்பு அளிக்க’ என்று மட்டும் கேட்டு வாங்கிய ஆணையை வைத்து எந்த நாளில் எத்தனை காவலரை எங்கே நிறுத்துவது என்று நிலையத்தில் யாராலும் சொல்ல முடியாது.