பரணில் பழைய பிலிம் டப்பா கிடைத்தால் ஓட்டிப் பார்க்காதீர்கள்

தருமபுரியில் பழைய பிலிம்களை டிஜிட்டலுக்கு மாற்றிக் கொடுக்கிறேன். வருவது பெரும்பாலும் கல்யாண வீட்டு 8 எம்எம் சுருள்கள்தான். எப்போதாவது, டூரிங் டாக்கீஸில் ஆபரேட்டராக இருந்த தாத்தாவுடையது என்று துருப்பிடித்த 35 எம்எம் டப்பா வரும். அதைத் திறக்கத்தான் எனக்குப் பயம்.

அப்படி வந்த ஒரு துண்டில் ஒலித்தடமே (பிலிம் ஓரத்தில் ஓடும் சத்தப் பதிவுக் கோடு) இல்லை. இந்த ஓரத்து ஓட்டையிலிருந்து அந்த ஓரத்து ஓட்டைவரை முழுக்கப் படம். ஊமைப்படக் காலத்து நியூஸ் ரீல், அதாவது கொட்டகையில் வாராவாரம் காட்டிய செய்திப்படம். யாரோ ஒரு துரை காரைவிட்டு இறங்குகிறார். அவர் கிடக்கட்டும். பின்னால் வண்டிமாட்டைப் பிடித்துக்கொண்டு நிற்கும் தலைப்பாகைக்காரர், துரையை விட்டுவிட்டு கேமராவையே வெறிக்கிறார். துரைமார்களைப் புத்தகத்தில் பார்க்கலாம்; அந்த மூக்கணாங்கயிறையும் கடைவாசல் தட்டியையும் வேறெங்கே பார்ப்பது?

பிரான்சில் பாத்தே நிறுவனம் 1908 வாக்கில் தொடங்கிவைத்த வழக்கம் இந்த நியூஸ் ரீல். வாரம் போனால் செய்தி பழசு, பிலிமும் குப்பை. கனடாவின் டாசன் நகரில், திருப்பியனுப்பக் கட்டுப்படியாகாத ரீல்களை ஒரு பழைய நீச்சல்குளத்தில் போட்டு மூடிவிட்டார்கள். 1978-ல் தோண்டியபோது நியூஸ் ரீல்கள் உட்பட 500-க்கும் மேல் கிடைத்தன. உறைந்த மண் காப்பாற்றியிருக்கிறது. நம்மூர்த் தகரக்கூரைக்கு அந்த யோகம் கிடையாது.

காரணம், 1950-களின் தொடக்கம்வரை 35 எம்எம் பிலிம் பெரும்பாலும் நைட்ரேட் என்ற, எளிதில் தீப்பிடிக்கும் பொருளால் ஆனது. பற்றினால் தண்ணீருக்குள்ளும் எரியும், புகையும் விஷம். சிதையத் தொடங்கிய ரீல், 40 டிகிரி வெயில் தொடர்ந்து அடித்தால் தானாகவே பற்றிக்கொள்ளலாம். சித்திரையில் நம் பரண் அதைவிடச் சூடு. புனேயில் தேசியத் திரைப்படக் காப்பகத்திலேயே 2003-ல் நைட்ரேட் பிலிம்கள் தீயில் போயின.

டப்பாவைத் திறந்ததும் நெடி ஏறினாலோ, பிலிம் பிசுபிசுத்தாலோ, பழுப்புத்தூள் உதிர்ந்தாலோ உடனே மூடிவிடுங்கள். புரொஜெக்டரில் மாட்டாதீர்கள், குப்பையோடு கொளுத்தாதீர்கள். அடுப்பு, வெயில், சுவிட்ச் போர்டு எதுவும் இல்லாத, காற்றோட்டமான இடத்தில் வைத்துவிட்டு விவரம் தெரிந்தவரைக் கூப்பிடுங்கள். பிளாஸ்டிக் பையில் இறுக்கிக் கட்டவே கூடாது. வினிகர் வாடை மட்டும் என்றால் அது அசிட்டேட், நைட்ரேட்டுக்குப் பதிலாக வந்த பிலிம் வகை. தீப்பயம் குறைவு, ஆனால் சுருங்கிக்கொண்டே போகும், தள்ளிப்போடாதீர்கள்.

மாற்றக் கொடுக்கும்போது வேகத்தையும் கேளுங்கள். ஊமைப்படங்களைக் கையால் சுற்றித்தான் எடுத்தார்கள், வினாடிக்கு 16, 18 பிரேம் என்று முன்பின்னாக இருக்கும். பேசும்படத்துக்கான 24-ல் ஓட்டினால் ஊரே ஓட்டமும் நடையுமாகத் தெரியும். அந்தக் காலத்து ஆட்கள் அப்படியொன்றும் அவசரப்படவில்லை.