மென்பொருள் தெரிந்தவரெல்லாம் எடிட்டர் அல்லர்

இந்த ஆண்டில் என் எடிட்டிங் அறைக்கு இதே கதையோடு வந்த மூன்றாவது இளைஞர் அவர். ஊரில் நகையை அடகு வைத்து மூன்று மாத எடிட்டிங் வகுப்பில் சேர்ந்து, முடித்த கையோடு வாய்ப்பேச்சை நம்பி ஒரு முழுப் படத்தைத் தனியாளாக வெட்டித் தந்திருக்கிறார். எட்டு மாத உழைப்புக்கு முன்பணம் தவிர ஒரு காசும் வரவில்லை. டைட்டிலில் வேறொருவர் பெயர். கேட்டுப் போராட அவர் கையில் ஒரு தாள்கூட இல்லை.

ஏமாற்றியவர்மீது எனக்குக் கோபம்தான். ஆனால், வேண்டாததை வெட்டி எறிபவரே எடிட்டர், அதற்கு மென்பொருள் தெரிந்தால் போதும் என்று இவர்களை நம்பவைப்பவர்கள்மீது அதைவிடக் கோபம். கடிதத்தைப் படித்து முடித்த ஒரு தாய் நிமிர்ந்து பார்க்கும் ஷாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். விநாடிக்கு 24 பிரேம், அதாவது 24 அசையாப் படங்கள். ஆறு பிரேம் முன்னால் வெட்டினால் அவள் கோபப்படுகிறாள், ஆறு பிரேம் கூடுதலாக விட்டால் எச்சில் விழுங்குவது தெரிந்து அழுகையை அடக்குகிறாள். வித்தியாசம் அரை விநாடி. எந்தத் தாய் இந்தக் கதைக்கு வேண்டும் என்பதை எந்த விசைப்பலகையும் சொல்லாது. பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துப் பார்த்துத்தான் அது வரும். இயக்குநர் பீம்சிங், இரட்டை இயக்குநர்களான கிருஷ்ணன்–பஞ்சுவிடம் உதவி எடிட்டராகத் தொடங்கியவர். அவர் மகன்தான் எடிட்டர் பி. லெனின். எடிட்டர் ஸ்ரீகர் பிரசாத்தும் தம் தந்தை சஞ்சீவியின் எடிட்டிங் அறையில் தொழில் கற்றவர். (பிலிம் காலத்தில் நிமிடத்துக்கு 90 அடி சுருள் ஓடும், வெட்டிய துண்டு ஒன்று தொலைந்தால் உதவியாளர் அன்றிரவு வீட்டுக்குப் போக முடியாது. அந்தப் பயமும் ஒரு படிப்புதான்.)

ஆகவே, தனியாக வெட்ட ஒரு படம் கிடைக்கிறது என்று துள்ளிக் குதிக்காதீர்கள். சம்பளம், தவணை, டைட்டிலில் பெயர் மூன்றும் எழுத்தில் வராமல், எடுத்த காட்சிகள் உள்ள ஹார்ட் டிஸ்கை வாங்காதீர்கள். கடைசித் தவணை வரும்வரை வாட்டர்மார்க் போட்ட அவுட்புட் மட்டுமே வெளியே போகட்டும். எங்கே வெட்டினீர்கள் என்பதெல்லாம் பதிவாகியிருக்கும் புராஜெக்ட் ஃபைல் உங்களிடமே இருக்கட்டும். ஃபுட்டேஜுக்கு மூன்று பிரதிகள், அவற்றில் ஒன்று வேறு கட்டடத்தில். எடிட்டர்கள் சங்கத்தில் உறுப்பினராகுங்கள், பிரச்சினை வந்த பிறகு ஓடி என்ன பயன்?

தயவுசெய்து தூங்குங்கள். ‘ஆடுகளம்’ படத்துக்குத் தேசிய விருது வாங்கிய எடிட்டர் கிஷோர் 2015இல் 36 வயதில் மறைந்தார். ‘விசாரணை’க்கான விருது அவர் இல்லாதபோது வந்தது. காரணம் சொல்ல நான் மருத்துவன் அல்லன். ஆனால், ரிலீஸ் தேதிக்காக மூன்று இரவு விழித்ததைப் பெருமையாகச் சொல்லும் பிள்ளைகளைப் பார்க்கும்போதெல்லாம் அவர் நினைவு வருகிறது.

அந்த இளைஞர் திங்கட்கிழமை முதல் என்னிடம் வருகிறார். சம்பளம் எழுதிய தாளில் இருவரும் கையெழுத்திட்டுவிட்டோம். முதல் மாதம் முழுவதும் கிளாப் பலகையில் உள்ள ஷாட் எண் பார்த்து ஷாட்டுகளை அடுக்கி, ஒலியைப் பொருத்தும் வேலைதான்.